விடுப்பு முடிந்து வேலைக்குத் திரும்பும் தாய்மார்களுக்கான குறிப்பு: தாய்ப்பால் தொடர என்னென்ன ஏற்பாடு வேண்டும்?

குறிஞ்சி:

வணக்கம் தோழமைகளே. மகப்பேறு விடுப்பு முடிந்து எங்கள் பணியிடத்துக்குத் திரும்பும் தாய்மார்கள் கையில் கொடுக்க இரண்டு பக்கக் குறிப்பு ஒன்று தயாராகிறது. எத்தனை வாரம் விடுப்பு, எவ்வளவு சம்பளம் என்பதெல்லாம் அந்தந்த நாட்டுச் சட்டப்படி. அந்தப் பகுதி முடிந்துவிட்டது. வேலைக்கு வந்த பிறகும் தாய்ப்பால் நிற்காமல் தொடர்வதற்கான நடைமுறைதான் பாக்கி. குழந்தைக்கு நான்கு மாதம், எட்டு மணி நேர வேலை, போக வர இரண்டு மணி நேரம் என்று வைத்துக்கொண்டு எழுதியிருக்கிறோம். வரைவில் இப்போது உள்ள நான்கு வரிகள்:

"ஒரு மாதம் முன்பிருந்தே பால் எடுத்து ஃப்ரீசரை நிரப்பி வைக்கவும். மதிய இடைவேளையில் அரை மணி நேரம் ஒருமுறை பம்ப் செய்யவும். மார்பில் பால் கட்டினால் நன்றாக அழுத்தித் தேய்த்து முழுதும் காலி செய்யவும். வேலைக்குப் போகும் முதல் நாளிலிருந்து புட்டியில் கொடுக்கத் தொடங்கவும்."

தவறு இருந்தால் தயங்காமல் சொல்லுங்கள். அச்சுக்குப் போகும் முன் திருத்திவிடலாம்.

பால்நிலா:

அக்கறையோடு செய்கிறீர்கள் குறிஞ்சி, அதனால் வெளிப்படையாகவே சொல்கிறேன். நான்கு வரியையும் மாற்ற வேண்டும். இரண்டாவது வரியில் தொடங்குகிறேன், ஏனென்றால் அதிகம் பேருக்குப் பால் குறைவது அங்கேதான்.

சுரப்பு, மார்பிலிருந்து பால் எத்தனை முறை வெளியேறுகிறது என்பதைப் பொறுத்தது. பால் தேங்கி நின்றால், அந்தத் தேக்கமும் அழுத்தமும் சேர்ந்து சுரப்பைக் குறைக்கின்றன. காலை 7.30-க்கு ஊட்டிவிட்டு 8 மணிக்குக் கிளம்பி மாலை 6 மணிக்கு வீடு திரும்புகிற தாய், நடுவில் ஒருமுறைதான் எடுக்கிறார் என்றால் அதற்கு முன்னும் பின்னும் ஐந்து மணி நேரத்துக்கு மேல் இடைவெளி விழுகிறது. முதல் வாரம் ஒன்றும் தெரியாது, மார்பு கனக்கும், அவ்வளவுதான். இரண்டாம் மூன்றாம் வாரத்தில் கனப்பு நின்றுவிடும். பழகிவிட்டது என்று நினைப்பார்கள். உண்மையில் அது சுரப்பு குறைந்ததன் அடையாளம்.

நான்கு மாதக் குழந்தையின் தாய்க்கு மூன்று மணி நேரத்துக்கு ஒருமுறை என்று வையுங்கள். மேலே சொன்ன நாளில் 10.30, 1.30, 4.30 ஆக மூன்று முறை. பணியிடத்தில் மூன்று முறைக்கு வழியே இல்லை என்றால் 11 மணியும் 2.30 மணியும், ஒவ்வோர் இடைவெளியும் மூன்றரை மணிக்குள் அடங்கும். இரண்டுக்குக் கீழே போக வேண்டாம்.

ஒருமுறைக்கு அரை மணி நேரம் சரியான கணக்குதான். இரண்டு பக்கமும் ஒரே சமயத்தில் எடுக்கும் பம்பாக இருந்தால் எடுக்க 15 முதல் 20 நிமிடம், மாட்டவும் கழுவவும் மீதி. ஒரு பக்கப் பம்ப் என்றால் எடுக்கும் நேரம் கிட்டத்தட்ட இரு மடங்காகும். சொட்டுவது நின்ற பிறகு இரண்டு நிமிடம் ஓடவிட்டு நிறுத்தினால் போதும்.

ஃப்ரீசர் வரிக்கு இரவில் வருகிறேன்.

கருவிப்பெட்டி:

நிலா மேடம் சொன்ன நேரத்தில் எடுத்தும் பால் வரவில்லை என்றால், தாயைக் குறை சொல்லும் முன் பம்பைப் பாருங்கள். பழுது பார்க்க வருகிற பம்புகளில் மோட்டார் கெட்டது குறைவு. பெரும்பாலும் வால்வுதான்.

உறிஞ்சும் விசையைப் பிடித்து விடுவது சிலிக்கான் வால்வு. சில பம்புகளில் அது வாத்தின் அலகு போல ஒரே துண்டாக இருக்கும், சிலவற்றில் பிளாஸ்டிக் தலையின் மேல் ஒட்டிய வெள்ளைச் சவ்வாக இருக்கும். நாளுக்கு மூன்று நான்கு முறை ஓடினால் ஓரிரு மாதத்தில் அலகின் பிளவு தளர்ந்துவிடும். வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். அழுத்தாமலே இடைவெளி தெரிந்தால் மாற்ற வேண்டியதுதான். அதன் பிளவைப் பிரஷ்ஷால் தேய்க்கக் கூடாது, கிழிந்துவிடும். சோப்பு நீரில் விரலால் அலசினால் போதும். ஒரு ஜோடி மாற்று வால்வு எப்போதும் பையில் இருக்கட்டும்.

அடுத்தது புனல், அதாவது மார்பில் பொருத்தும் பாகம். பெட்டியோடு வரும் 24 மி.மீ. புனல் எல்லோருக்கும் பொருந்தாது. பால் எடுப்பதற்கு முன், காம்பின் அடிப்பகுதிக் குறுக்களவை மட்டும் மி.மீ. அளவுகோலில் பாருங்கள். சுற்றியுள்ள கருவட்டத்தைச் சேர்க்க வேண்டாம். புனலின் குழல் அந்த அளவிலோ, அதிகபட்சம் 3 மி.மீ. கூடுதலாகவோ இருக்கலாம். சிறிதானால் காம்பு குழல் சுவரில் உரசி வெளுக்கும் அல்லது புண்ணாகும். பெரிதானால் கருவட்டமும் உள்ளே இழுபட்டு வீங்கும், பால் பாதியில் நிற்கும். இரண்டு பக்கத்துக்கும் வேறு வேறு அளவு தேவைப்படுவதும் உண்டு.

விசையை உச்சத்தில் வைத்தால் அதிகப் பால் வரும் என்பது தவறு. வலித்தால் பால் இறங்காது. வலி இல்லாத எல்லைக்குள் எவ்வளவு கூட்ட முடியுமோ அதுதான் உங்கள் அளவு. முதலில் இலேசான, வேகமான இழுப்பில் தொடங்கி, பால் பீறிட ஆரம்பித்ததும் மெதுவான, ஆழமான இழுப்புக்கு மாற்றுங்கள். எடுத்துக்கொண்டிருக்கும்போது ஓட்டம் நின்றால் மறுபடி வேகமான இழுப்பு ஒரு நிமிடம்; பலருக்கு இரண்டாவது முறையும் பால் இறங்கும்.

சோதிக்கும் வழி: எல்லாவற்றையும் மாட்டிப் புனல் வாயை உள்ளங்கையால் மூடி ஓடவிடுங்கள். கை இழுபடவில்லை என்றால் டியூப், பின்ஓட்டத் தடுப்பு (பால் டியூபுக்குள் ஏறாமல் தடுக்கும் பாகம்), வால்வு என்று ஒவ்வொன்றாக மாற்றிப் பாருங்கள். பாட்டரியில் ஓடும்போது மட்டும் விசை குறைந்தால் கோளாறு பாட்டரியில்.

ஒருவர் பயன்படுத்திய பம்பை இன்னொருவர் வாங்கும்போது கவனம். மோட்டாருக்கும் பாலுக்கும் நடுவே தடுப்பு இல்லாத வகையில் பால் துளிகள் டியூப் வழியே உள்ளே போய்விடும். அதைக் கழற்றிக் கழுவ வழி கிடையாது. டியூபை மட்டும் மாற்றினால் சுத்தமாகிவிடாது.

குறிஞ்சி:

கருவிப்பெட்டி சார், வால்வு விஷயம் எங்கள் யாருக்கும் தெரியாது. மிக்க நன்றி. ஒரு கேள்வி: டியூபுக்குள் நீர்த்துளி கோத்துக்கொள்கிறது என்கிறார்கள். கழுவலாமா?

கருவிப்பெட்டி:

வெறும் நீராவித் துளி என்றால் கழுவ வேண்டாம். பால் எடுத்து முடித்ததும் டியூபை மட்டும் பம்பில் விட்டு இரண்டு மூன்று நிமிடம் ஓடவிடுங்கள், காய்ந்துவிடும். பால் ஏறியிருந்தாலோ கரும்புள்ளி தெரிந்தாலோ தூக்கிப் போட்டுவிட்டுப் புதிது மாட்டுங்கள்.

பால்நிலா:

இப்போது ஃப்ரீசர்.

முழுக்கத் தாய்ப்பால் மட்டும் குடிக்கும் குழந்தை ஒன்று முதல் ஆறு மாதம் வரை ஒரு நாளைக்குச் சராசரியாக 750 முதல் 800 மி.லி. குடிக்கும். இந்த வயதுக்குள் அது பெரிதாகக் கூடுவதில்லை. பவுடர் பாலின் அளவு மாதாமாதம் ஏறுவதைப் பார்த்துவிட்டுத் தாய்ப்பாலையும் அப்படிக் கணக்குப் போடுகிறவர்கள்தான் "எனக்குப் பால் போதவில்லை" என்ற முடிவுக்கு வந்துவிடுகிறார்கள். தாய் இல்லாத ஒவ்வொரு மணிக்கும் 30 முதல் 45 மி.லி. என்று வைத்தால் பத்தரை மணிக்கு 315 முதல் 470 வரை. நடைமுறையில் 90 முதல் 120 மி.லி. வரை நிரப்பிய மூன்று நான்கு பாத்திரங்கள்.

முதல் நாள் வேலைக்குப் போகும்போது வீட்டில் இருக்க வேண்டியது அன்றைக்கான 450 மி.லி., அதோடு சிந்தினாலோ தாமதமானாலோ கைகொடுக்க 300 மி.லி. ஆக 750. அதன் பிறகு இன்று எடுப்பது நாளைக்கு. ஃப்ரீசர் நிரம்பி வழியத் தேவையே இல்லை.

750-ஐச் சேர்க்க மூன்று நான்கு வாரம் முன்பிருந்து நாளுக்கு ஒரே ஒருமுறை எடுத்தால் போதும். விடியற்காலையில் சுரப்பு அதிகம். காலை முதல் ஊட்டலுக்குப் பிறகு முக்கால் மணி நேரம் கழித்து எடுக்கலாம். ஊட்டியதற்கு மேல் எடுப்பது என்பதால் 30 முதல் 60 மி.லி. வந்தால் அதுவே இயல்பு. 40 வீதம் இருபது நாளில் 800 ஆகிவிடும். இதைப் படிக்கும் தாய்மார்கள் தயவுசெய்து அந்த 40-ஐப் பார்த்து மனம் உடைய வேண்டாம்.

ஒரு மாதம் முழுக்க நாளுக்கு நான்கைந்து முறை எடுத்து ஃப்ரீசரை நிரப்பினால் உடம்பு இரட்டைக் குழந்தைக்கான பாலைச் சுரக்கத் தொடங்கிவிடும். வேலைக்குப் போன பிறகு அத்தனை முறை எடுக்க முடியாது. அப்போதுதான் கட்டிக்கொள்வதும் மார்பு அழற்சியும் வருகின்றன.

இதையே சொல்லி மூன்றாவது வரிக்கு வருகிறேன். "அழுத்தித் தேய்த்துக் காலி செய்" என்ற பழைய அறிவுரையை விட வேண்டும். அகாடமி ஆஃப் பிரெஸ்ட்ஃபீடிங் மெடிசின் என்ற மருத்துவர் அமைப்பு 2022-ல் வெளியிட்ட மார்பு அழற்சி நெறிமுறை அதைத் தெளிவாக மாற்றிவிட்டது. கட்டி போலத் தெரிவது பெரும்பாலும் குழாய்களைச் சுற்றியுள்ள திசுவின் வீக்கம். அழுத்தித் தேய்த்தால் அது இன்னும் வீங்கும். மேலும் மேலும் காலி செய்தால் சுரப்பு கூடி அதே இடத்தில் மறுபடி நெருக்கும். வழக்கமான நேரத்துக்கு ஊட்டுங்கள் அல்லது எடுங்கள், நடுநடுவே துணி சுற்றிய ஐஸ் பை வையுங்கள், இறுக்காத, ஆனால் தாங்கும் உள்ளாடை போடுங்கள், வலிக்கு ஐபுப்ரோஃபென் போன்றவை தாய்க்கு ஒத்துக்கொள்ளுமா என்று மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். தடவுவதென்றால் தோலின் மேல் இலேசாக, அக்குள் பக்கமாக.

காய்ச்சலோடு ஒரு பக்கம் சிவந்து 24 மணி நேரத்தில் குறையவில்லை என்றால் மருத்துவரைப் பார்க்க வேண்டும். அந்தப் பாலைக் குழந்தைக்குக் கொடுக்கலாமா என்று எல்லோரும் கேட்பார்கள். கொடுக்கலாம்.

வெள்ளைச்சீருடை:

செவிலியர் பக்கத்திலிருந்து சேமிப்பு விதிகள். இவை நிறைமாதத்தில் பிறந்த, நலமாக உள்ள குழந்தைக்கு. குறைமாதக் குழந்தைக்கும் மருத்துவமனையில் இருக்கும் குழந்தைக்கும் அங்கே சொல்லும் விதிதான்.

புதிதாக எடுத்த பால் 25 டிகிரி செல்சியஸ் வரையுள்ள அறையில் 4 மணி நேரம். 4 டிகிரி ஃப்ரிட்ஜில் 4 நாள். மைனஸ் 18 டிகிரி ஃப்ரீசரில் 6 மாதம் வரை சிறப்பு, 12 மாதம் வரை ஏற்கத்தக்கது. உறைந்த ஐஸ் பைகள் வைத்த குளிர்ப்பையில் 24 மணி நேரம். உறைய வைத்ததை ஃப்ரிட்ஜில் கரைத்தால், முழுதும் கரைந்த நேரத்திலிருந்து 24 மணி நேரத்துக்குள் தீர்க்க வேண்டும். திரும்ப உறைய வைக்கக் கூடாது. குழந்தை வாய் வைத்த மிச்சம் 2 மணி நேரத்துக்கு மேல் வேண்டாம்.

அறை 25-க்கு மேல் சூடாக இருந்தால் நான்கு மணி நேரக் கணக்கையே மறந்துவிட்டு எடுத்தவுடன் குளிரில் வையுங்கள். ஃப்ரிட்ஜ் கதவில் வைக்க வேண்டாம், திறக்கும்போதெல்லாம் சூடேறும், உள்ளே, பின்பக்கம். உறையும்போது பால் விரியும் என்பதால் பையிலோ புட்டியிலோ மேலே ஓர் அங்குலம் காலியாக விடுங்கள். 60 மி.லி. பைகளாகச் சேர்த்தால் வீணாவது குறையும். தேதி எழுதுங்கள், பழையது முதலில் போகட்டும்.

சூடாக்க, பாத்திரத்தை வெதுவெதுப்பான நீரில் நிற்க வைத்தால் போதும். மைக்ரோவேவ் கூடவே கூடாது. வெளியே தொட்டால் இளஞ்சூடாக இருக்கும், நடுவில் கொதிக்கும் இடங்கள் உண்டாகிக் குழந்தையின் வாய் வெந்துவிடும்.

மேலே கொழுப்பு மிதந்து கீழே நீர்த்துத் தெரிவது கெட்டுப்போனதற்கு அடையாளம் இல்லை. மெல்லச் சுழற்றினால் கலந்துவிடும்.

தொட்டில்:

குழந்தைக் காப்பகத்தில் இருந்து பேசுறேன்ங்க. கரைச்ச பால்ல சோப்பு வாடை வருது, குழந்தை துப்புதுன்னு நிறைய பேர் வருவாங்க. அதுக்கு என்ன காரணம்னு செவிலியர் அக்கா சொன்னா நல்லா இருக்கும்.

வெள்ளைச்சீருடை:

பாலில் இயற்கையாக உள்ள லைபேஸ் என்ற நொதி, சேமிப்பில் இருக்கும்போதும் கொழுப்பை உடைத்துக்கொண்டே இருக்கும். சிலருடைய பாலில் அந்த மாற்றம் வேகமாகத் தெரியும். குடித்தால் கெடுதல் இல்லை, பல குழந்தைகள் குடித்துவிடும், சில மறுக்கும். முன்கூட்டியே கண்டுபிடிக்கலாம்: சேர்க்கத் தொடங்கும் முதல் வாரத்திலேயே ஒரு சிறு பையை உறைய வைத்து, ஐந்தாறு நாள் கழித்துக் கரைத்து முகர்ந்து பாருங்கள். 750 மி.லி. சேர்த்த பிறகு தெரிந்தால் அத்தனை உழைப்பும் வீண்.

வாடை வந்தால், இனி எடுக்கும் பாலை உறைய வைக்கும் முன் சுட வைக்கலாம். அடுப்பில் ஓரத்தில் சிறு குமிழிகள் வரும் வரை, கொதிக்க விடாமல் சூடாக்கி, உடனே ஐஸ் நீரில் பாத்திரத்தை வைத்து ஆற்றி உறைய வையுங்கள். ஏற்கெனவே வாடை வந்த பாலை அது சரி செய்யாது. சூட்டில் சில பாதுகாப்புச் சத்துகள் குறையும் என்பதால், குழந்தை மறுத்தால் மட்டும்.

கழுவுவது பற்றியும் எழுதிவிடுகிறேன். பால் பட்ட பாகங்களை ஒவ்வொரு முறையும் கழற்றி, தனி டப்பில் சோப்பும் வெந்நீரும் விட்டு, அதற்கென்றே வைத்த பிரஷ்ஷால் தேய்க்க வேண்டும் (வால்வை மட்டும் விரலால்). பொதுத் தொட்டியில் நேரடியாகப் போடக் கூடாது. அங்குள்ள கிருமி பாகத்தில் ஒட்டும். துணியால் துடைக்காமல் காற்றில் காய விடுங்கள். இரண்டு மாதத்துக்குக் குறைந்த குழந்தை, குறைமாதக் குழந்தை, நோய் எதிர்ப்புக் குறைந்த குழந்தை என்றால் நாளுக்கு ஒருமுறை 5 நிமிடம் கொதிக்கும் நீரில் போட்டு எடுக்கவும். பணியிடத்தில் மூன்று முறை கழுவ வழியில்லாதவர்களுக்கு எளிய வழி, மூன்று செட் பாகங்கள் கொண்டுபோய் வீட்டில் மொத்தமாகக் கழுவுவது. கழுவாத பாகத்தை மூடி ஃப்ரிட்ஜில் வைத்து மறுமுறை பயன்படுத்துவது கிருமி வளர்வதை மெதுவாக்கும், நிறுத்தாது.

ஊழியர்நலன்:

இதுவரை சொன்னதெல்லாம் நடக்க, நேரமும் இடமும் வேண்டும். அதை நிர்வாகத்திடம் கேட்டு வாங்கும் முறையில்தான் பலர் தோற்கிறார்கள்.

பின்னணிக்குச் சில வரிகள். சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் 183-ஆம் உடன்படிக்கை, ஆண்டு 2000. விடுப்பு 14 வாரத்துக்குக் குறையக் கூடாது. விடுப்பு முடிந்ததும் அதே பணி, அல்லது அதே சம்பளத்தில் அதற்கு இணையான பணி. பாலூட்ட நாளுக்கு ஒன்றோ பலவோ இடைவேளை அல்லது வேலை நேரக் குறைப்பு. அது வேலை நேரமாகவே கணக்காகும், சம்பளம் உண்டு. எத்தனை முறை, எவ்வளவு நேரம் என்பதை நாட்டுச் சட்டம் முடிவு செய்யும். அதோடு வந்த 191-ஆம் பரிந்துரை விடுப்பை 18 வாரமாக்கச் சொல்கிறது, பணியிடத்திலோ அருகிலோ சுகாதாரமான பாலூட்டும் வசதி வேண்டும் என்கிறது. உடன்படிக்கை அதை ஏற்ற நாடுகளை மட்டுமே கட்டுப்படுத்தும். ஆனாலும் கேட்கிறவர்களுக்கு அது நல்ல அளவுகோல். உங்கள் நாட்டுச் சட்டமோ ஊழியர் ஒப்பந்தமோ இதைவிட அதிகம் தரலாம், அதைப் படித்துவிட்டுத்தான் கடிதம் எழுத வேண்டும்.

ஒரு நுணுக்கம். இடைவேளைகளைச் சேர்த்து "ஒரு மணி நேரம் முன்னதாக வீட்டுக்குப் போங்கள்" என்று நிர்வாகம் சொல்வது வழக்கம், 191-ஆம் பரிந்துரையும் அதற்கு இடம் தருகிறது. கேட்க நன்றாக இருக்கும். ஆனால் நடுவில் எடுக்க நேரமே இல்லாமல் போய், நிலா மேடம் சொன்ன அந்த நீண்ட இடைவெளி விழும். அரை நாள் வேலை அல்லது பக்கத்திலேயே காப்பகம் உள்ளவர்களுக்கு அது சரி. மற்றவர்கள் தனித்தனி இடைவேளையாகவே கேளுங்கள்.

கடிதம் திரும்பும் தேதிக்கு நான்கு முதல் ஆறு வாரம் முன்பே போக வேண்டும், வாய்மொழியாக வேண்டாம். "வசதிப்படும்போது", "முடிந்தால்" போன்ற சொற்களை எழுதாதீர்கள். அவை இருந்தால் முதல் கூட்டம் வந்த நாளிலேயே இடைவேளை காணாமல் போகும். மாதிரி:

"நான் இன்ன தேதியில் பணிக்குத் திரும்புகிறேன். குழந்தைக்குத் தாய்ப்பால் தொடர்வதால் காலை 10.30, மதியம் 1.30, மாலை 4.30 ஆகிய நேரங்களில் தலா 30 நிமிடம் பால் எடுக்க வேண்டும். இதற்குக் கழிப்பறை அல்லாத, உள்பக்கம் தாழிடக்கூடிய ஓர் அறையும், நாற்காலி, சிறு மேசை, மின் இணைப்பும், பாலை வைக்க ஃப்ரிட்ஜில் ஓர் இடமும் தேவை. இந்த நேரங்களை என் பணி நாட்காட்டியில் பதிவு செய்ய அனுமதி வேண்டுகிறேன். குழந்தைக்கு ஆறு மாதம் முடிந்ததும் நேரங்களை மறுபரிசீலனை செய்யலாம்."

கடைசி வாக்கியம் முக்கியம். எவ்வளவு காலம் என்று தெரிந்தால் மேலாளர் எளிதில் ஒத்துக்கொள்வார்.

பால் எடுக்கும் அறையைக் கூட்ட அறையோடு சேர்க்காதீர்கள் குறிஞ்சி. யாராவது கதவைத் தட்டிக்கொண்டே இருந்தால் பதற்றத்தில் பால் இறங்காது. கதவில் "உள்ளே ஆள் உண்டு" என்ற பலகையும் முன்பதிவுத் தாளும் போதும், பெரிய செலவு இல்லை.

முடிந்தால் வார நடுவில் பணிக்குத் திரும்பச் சொல்லுங்கள். இரண்டு மூன்று நாள் வேலை பார்த்ததும் விடுமுறை வரும். எந்த ஏற்பாடு சரிப்படவில்லை என்று அதற்குள் தெரிந்துவிடும்.

பால்நிலா:

அந்த முன்னோட்டம் இன்னும் முன்பே நடந்தால் நல்லது. திரும்புவதற்கு ஒரு வாரம் முன் ஒரு நாள், வேலை நாள் போலவே குழந்தையைப் பார்த்துக்கொள்கிறவரிடம் விட்டுவிட்டு, அதே நேரங்களில் பால் எடுத்துப் பாருங்கள். பையில் எது விடுபட்டது, குழந்தை எவ்வளவு குடித்தது என்று அன்றே தெரியும்.

நான்காவது வரி: முதல் நாளில் புட்டி தொடங்குவது குழந்தைக்குப் பெரிய கஷ்டம், தாயும் பிரிந்து, பாத்திரமும் புதிது. பாலூட்டல் நன்றாகப் படிந்த பிறகு, அதாவது மூன்று நான்கு வாரத்துக்குப் பிறகு எப்போது வேண்டுமானாலும் பழக்கலாம். எப்படியும் வேலைக்குப் போவதற்கு இரண்டு மூன்று வாரம் முன் தொடங்கிவிடுங்கள். இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை 30 மி.லி. போதும், தாய் அல்லாத ஒருவர் கொடுக்கட்டும். பசி முற்றி அழும்போது முயலாதீர்கள். புட்டியே பிடிக்காத குழந்தைக்குப் பாலாடையோ சிறு கிண்ணமோ நன்றாகவே வேலை செய்யும், கழுவுவதும் எளிது.

தொட்டில்:

கொடுக்கிற விதத்தை நான் சொல்றேன்ங்க, இதுல தப்பு பண்ணினா அம்மா எவ்வளவு எடுத்தாலும் பத்தாது.

குழந்தையை நிமிர்த்தி உட்கார வெச்ச மாதிரி பிடிக்கணும். புட்டியைக் கிடைமட்டமா, நிப்பிள் பாதி நிறையற அளவுக்குச் சாய்ச்சா போதும். ஓட்டம் மிகக் குறைவா இருக்கிற நிப்பிள்தான் போடணும், வயசு ஏறினாலும் மாத்த அவசியமில்ல. இருபது முப்பது நொடிக்கு ஒருமுறை புட்டியைத் தாழ்த்தி நிறுத்தணும். ஒருமுறை ஊட்ட 15-லிருந்து 20 நிமிஷம் ஆகணும். செங்குத்தாப் பிடிச்சா பால் தானா கொட்டும், குழந்தை மூச்சுக்காக விழுங்கித்தான் ஆகணும், அஞ்சு நிமிஷத்துல 120 போயிடும். அதைப் பார்த்துட்டு இன்னும் பசின்னு அடுத்ததைத் திறப்பாங்க.

தலையைத் திருப்பினா, கையைத் தளர்த்தினா வயிறு நிறைஞ்சிருச்சு. மிச்சம் 20 மி.லி. வீணாகுதேன்னு திணிக்கக் கூடாது. அதுக்குத்தான் சின்னச் சின்னதா ஊத்தி வைக்கச் சொல்றது.

அம்மா வர ஒரு மணி நேரம் இருக்கும்போது முழு புட்டி கொடுக்காதீங்க. ரொம்ப அழுதா 30 மட்டும். அம்மா வந்ததும் நேரடியா குடிக்கட்டும்.

சில குழந்தைங்க பகல்ல கொஞ்சம்தான் குடிக்கும், அம்மா வந்த பிறகு ராத்திரி பூரா குடிக்கும். எடை சரியா ஏறி, நாளுக்கு ஆறு தடவைக்குக் குறையாம சிறுநீர் போனா பயப்பட வேண்டாம்.

நடைவண்டி:

பம்ப் வாங்க முடியாதவர்கள், மின்சாரம் இல்லாத இடத்தில் வேலை பார்ப்பவர்கள் இருக்கிறார்கள். இந்தக் குறிப்பில் அவர்களுக்கு ஒரு வரிகூட இல்லையே?

பால்நிலா:

சரியாகக் கேட்டீர்கள், இது முதலிலேயே வந்திருக்க வேண்டும். கையால் எடுக்கத் தெரிந்த தாய்க்குப் பம்ப் பழுதானாலும் கவலை இல்லை.

கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, கழுவிக் காய்ந்த அகலவாய்ப் பாத்திரத்தை வைத்துக்கொள்ளவும். இலேசாகச் சூடான துணியை ஒரு நிமிடம் வைத்து மெல்ல வருடினால் பால் இறங்கத் தொடங்கும். கட்டைவிரல் மேலே, ஆள்காட்டி விரலும் நடுவிரலும் கீழே, காம்பின் அடியிலிருந்து 2 முதல் 3 செ.மீ. தள்ளி. முதலில் நெஞ்சுப் பக்கமாகப் பின்னோக்கி அழுத்தவும், பிறகு விரல்களை ஒன்றையொன்று நோக்கி அழுத்தவும், விடவும். இதே தாளத்தில் தொடரவும். விரல் தோலின் மேல் வழுக்கி நகரக் கூடாது, காம்பைப் பிடித்து இழுக்கவும் கூடாது; இரண்டாலும் வலிதான் மிஞ்சும். முதல் ஓரிரு நிமிடம் ஒன்றும் வராது, நிறுத்திவிடாதீர்கள். ஓட்டம் குறைந்ததும் விரல் வைக்கும் இடத்தைச் சுற்றி மாற்றவும், பிறகு மறு பக்கம். இரண்டு பக்கமும் மாறி மாறி மொத்தம் 20 முதல் 30 நிமிடம்.

பம்ப் வைத்திருப்பவர்களும் கடைசி இரண்டு நிமிடம் கையால் எடுத்தால் கூடுதலாகப் பால் வரும். ஃப்ரிட்ஜ் இல்லாத இடம் என்றால் ஐஸ் பை வைத்த குளிர்ப்பை. அதுவும் இல்லை என்றால் எடுத்த பாலைச் சேமிக்க முடியாவிட்டாலும் எடுப்பதை நிறுத்தக் கூடாது. கொட்டிவிட நேர்ந்தாலும் சுரப்பு தங்கும், இரவிலும் காலையிலும் குழந்தைக்குக் கிடைக்கும்.

வெள்ளைச்சீருடை:

தாயின் உடம்பைப் பற்றி யாரும் இன்னும் எழுதவில்லை.

பாலூட்டுவதையே கருத்தடையாக நம்பியிருப்பவர்கள் உண்டு. அதற்கு மூன்று நிபந்தனை: மாதவிடாய் திரும்பியிருக்கக் கூடாது, குழந்தைக்கு ஆறு மாதம் நிறைந்திருக்கக் கூடாது, தாய்ப்பால் மட்டுமே கொடுக்க வேண்டும், அதுவும் பகலில் 4 மணி நேரத்துக்கு மேலும் இரவில் 6 மணி நேரத்துக்கு மேலும் இடைவெளி விடாமல் நேரடியாக. வேலைக்குப் போகத் தொடங்கியதும் இந்த மூன்றாவது நிபந்தனை தளர்ந்துவிடும். திரும்புவதற்கு முன்பே வேறு முறையை மருத்துவரிடம் கேட்டு முடிவு செய்துவிட வேண்டும். கேட்கும்போது பாலூட்டுவதைச் சொல்லுங்கள், ஈஸ்ட்ரோஜன் கலந்த மாத்திரைகள் சிலருக்குச் சுரப்பைக் குறைக்கும். சளிக்குக் கடையில் வாங்கும் சூடோஎஃபெட்ரின் மாத்திரையும் அப்படித்தான். மாதவிடாய் திரும்பும்போது சில நாள் பால் குறைந்து மறுபடி ஏறும், அதற்காகப் பவுடர் பாலுக்கு அவசரப்பட வேண்டாம்.

இரண்டு வாரத்துக்கு மேல் நாள் முழுதும் மனம் கனத்துக் கிடப்பது, குழந்தை தூங்கும்போதும் தூக்கம் வராதது, எதிலும் பிடிப்பில்லாதது. இவற்றை "வேலைக்குப் போன அலுப்பு" என்று தள்ளக் கூடாது. பிரசவத்துக்குப் பிந்தைய மனச்சோர்வு முதல் ஓராண்டில் எப்போதும் தலைகாட்டலாம். எடின்பரோ அளவுகோல் என்ற பத்துக் கேள்வித் தாள் 1987-லிருந்து உண்டு, சுகாதார நிலையத்தில் கேட்டால் கொடுப்பார்கள். தன்னைக் காயப்படுத்திக்கொள்ளும் எண்ணம் வந்தால் அன்றே உதவி தேட வேண்டும், தனியாக விடக் கூடாது. கடும் அசதிக்கு இரத்தசோகையும் தைராய்டும் காரணமாக இருக்கலாம், இரண்டையும் ஓர் இரத்தப் பரிசோதனையில் பார்த்துவிடலாம். குறிஞ்சி, இந்தப் பத்தியைக் குறிப்பின் கடைசியில் ஒளித்து வைக்காதீர்கள்.

குறிஞ்சி:

முதல் பக்கத்திலேயே போடுகிறேன் அக்கா. இரண்டு பக்கம் நான்கு பக்கம் ஆகிறது, ஆகட்டும்.

இரவுப்பணி:

பன்னிரண்டு மணி நேர இரவு ஷிப்ட் பார்ப்பவர்களுக்கும் மூன்று மணிக்கு ஒருமுறைதானா? என் மனைவியின் பிரிவில் நடுவில் இரண்டு முறைதான் எழுந்து போக முடியும்.

பால்நிலா:

பாலைச் சுரக்க வைக்கும் புரோலாக்டின் இரவில் அதிகம், அதனால் ஒருமுறை விட்டால் மார்பு சீக்கிரம் கட்டும். இரண்டுதான் முடியும் என்றால் கிளம்பும் கடைசி நிமிடத்தில் ஒருமுறை நேரடியாக ஊட்டட்டும், ஷிப்டின் நான்காம் மணியிலும் எட்டாம் மணியிலும் எடுக்கட்டும், திரும்பியதும் தூங்கப் போகும் முன் ஊட்டட்டும். நடுவில் மிகவும் கனத்தால் கழுவிய கையால் இரண்டு நிமிடம், இறுக்கம் தளரும் அளவு மட்டும் எடுத்துவிடலாம். பகலில் தூங்கும்போது குழந்தையை நீங்கள் பார்த்துக்கொண்டாலும், ஊட்டும் நேரத்துக்குப் பக்கத்தில் கொண்டுவந்து கொடுங்கள் தம்பி. உங்கள் பங்கில் இதுதான் பெரியது. பம்ப் பாகங்களைக் கழுவுவதும் உங்களுடையதாகவே இருக்கட்டும்.

இரண்டு வாரம் போய் அளவு குறைந்தது தெரிந்தால், விடுமுறை நாளில் ஒரு மணி நேரம் ஒதுக்கி 20 நிமிடம் எடுத்து 10 நிமிடம் ஓய்வு, 10 எடுத்து 10 ஓய்வு, கடைசியாக 10 எடுப்பது என்று நாளுக்கு ஒருமுறை சில நாள் செய்து பார்க்கலாம். குழந்தை அடிக்கடி கேட்டுக் குடிக்கும் நாளை இது ஒத்திருக்கும். அதற்கு முன் கருவிப்பெட்டி சொன்ன வால்வைப் பார்த்துவிடுங்கள்.

குறிஞ்சி:

கடைசிக் கேள்வி. பணியிடத்தில் எடுப்பதை எப்போது, எப்படிக் குறைப்பது? மேலாளர்கள் இதைத்தான் முதலில் கேட்பார்கள்.

பால்நிலா:

ஆறு மாதம் வரை தாய்ப்பால் மட்டும், பிறகு திட உணவோடு இரண்டு வயதும் அதற்கு மேலும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் பரிந்துரை. ஆறு மாதத்துக்குப் பிறகு திட உணவு நன்றாக ஏறியதும் மூன்றை இரண்டாக்கலாம். ஒரே நாளில் வெட்ட வேண்டாம்: விட நினைக்கும் நேரத்தில் எடுக்கும் நிமிடங்களை இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை ஐந்து ஐந்தாகக் குறையுங்கள், மீதி இரண்டு நேரங்களை மெல்ல நடுவுக்கு நகர்த்துங்கள். ஒரு வாரத்தில் மார்பு பழகிவிடும். ஒன்பது பத்து மாதத்தில் பலருக்கு ஒருமுறை போதும். ஒரு வயதுக்குப் பிறகு பகலில் எடுக்காமலே இருக்கலாம். காலை, மாலை, இரவு வீட்டில் ஊட்டுவது அப்படியே நடக்கும்.

மேலாளர்களிடம் தேதியாகச் சொல்லிவிடாதீர்கள், குழந்தையின் வயதாகச் சொல்லுங்கள். குறைமாதத்தில் பிறந்த குழந்தையாக இருந்தால் திட உணவு எப்போது என்பதை மருத்துவர் சொல்வார், அந்த மாதக் கணக்கும் தள்ளிப்போகும்.

ஊழியர்நலன்:

அதைக் கடிதத்தின் கடைசி வாக்கியத்திலும் சேர்த்துவிடுங்கள். மாதிரிக் கடிதத்தை யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம், கேட்க வேண்டியதில்லை.